எங்கள் மனையில் நின்ற சர்க்கார் போர்டு

கல்யாணமாகி ஹைதராபாத் வந்த முதல் வாரத்திலேயே என் கணவர் எனக்கு ஒரு சட்டம் போட்டார். "சுவத்துல ஆணி அடிக்கப்பிடாது." காஞ்சன்பாக் பக்கம், மத்திய அரசின் பாதுகாப்புத் துறை ஆராய்ச்சிக்கூடம் ஒன்றில் அவருக்கு வேலை. குடியிருப்பு அரசு குவார்ட்டர்ஸ். காலி செய்யும்போது ஆள் வந்து சுவர், ஜன்னல், குழாய் எல்லாவற்றையும் பார்த்துக் குறை எழுதுவார்களாம். அதற்குப் பயந்து சாமி காலண்டரைக்கூட ஜன்னல் கம்பியில் கயிறு கட்டித்தான் தொங்கவிட்டேன். தேக்குச் சட்டம் போட்ட எங்கள் கல்யாண போட்டோ பிரிட்ஜ் மேல் சாய்ந்தபடியே காலம் தள்ளியது. பிரிட்ஜ் ஓட ஆரம்பிக்கும்போதெல்லாம் மாலையும் கழுத்துமாக நாங்கள் இருவரும் நடுங்குவோம்.

மற்ற வீடுகளில் தாராளமாக ஆணி அடித்தார்கள். காலி செய்யும் அன்று ஓட்டையில் பற்பசையை அப்பித் தேய்த்துவிட்டுப் போனார்கள். இந்த வித்தையை நான் ஒருநாள் ஆசையாக எடுத்துச் சொன்னபோது, பேங்க் கொள்ளைக்குக் கூப்பிட்டதுபோல என்னைப் பார்த்தார். "கவர்மெண்ட் சுவருடீ" என்றார்.

அதனால்தான் சொந்த வீடு என்ற எண்ணம் வந்தபோது மற்ற பெண்கள்போல எனக்குப் பூஜை அறை, மாடுலர் கிச்சன் என்றெல்லாம் கனவு வரவில்லை. ஆணி அடிக்க ஒரு சுவர் வேண்டும், அவ்வளவுதான். இதை வெளியே சொன்னால் சிரிப்பார்கள் என்று மனதுக்குள்ளேயே வைத்துக்கொண்டேன்.

ஊருக்குத் தென்கிழக்கே ஒரு ஏரிப்பக்கம் லேஅவுட் போட்டபோது இவரும் இவர் ஆபீஸ்காரர்கள் பலரும் சேர்ந்து மனை வாங்கினார்கள். பத்திரம் பக்காவாக இருந்தது. வரி ரசீது இருந்தது. எங்கள் மனை கடைசி வரிசையில். அதற்கு அப்பால் ஏரியை ஒட்டிய அரசுப் புறம்போக்கு. இவர் ஓய்வு பெற இன்னும் சில வருடங்கள் இருந்தன. அதற்குள் வீட்டைக் கட்டிவிட வேண்டும், குவார்ட்டர்ஸிலிருந்து நேராகச் சொந்த வீட்டுக்குப் போய்விட வேண்டும் என்பது திட்டம்.

ஞாயிற்றுக்கிழமைகளில் சிலர் மாலுக்குப் போவார்கள், சிலர் பிரியாணிக்குப் போவார்கள். நாங்கள் காலி மனையைப் பார்க்கப் போவோம், புளியோதரை கட்டிக்கொண்டு. இங்கே ஹால், இங்கே அடுக்களை என்று இவர் செருப்புக்காலால் கோடு போடுவார். நான் ஹாலில் உட்கார்ந்து சாப்பிடுவேன். அப்படிப் போன ஒரு ஞாயிற்றுக்கிழமை ஹாலுக்கு நடுவே ஒரு போர்டு நின்றது.

இரண்டு இரும்புக் கம்பி, மேலே தகரம், தெலுங்கில் பெரிய எழுத்து. இது அரசு நிலம், அத்துமீறி நுழைவோர் தண்டிக்கப்படுவார்கள் என்று எழுதியிருந்தது. இவர் அதை ஒன்றுக்கு இரண்டு தடவை படித்தார். படித்துவிட்டு அவர் செய்த முதல் காரியம் மனையைவிட்டு வெளியே வந்து ரோட்டில் நின்றது. எனக்கு வந்த ஆத்திரத்தில் புளியோதரை டப்பாவைப் பிரித்துப் போர்டுக்குக் கீழேயே உட்கார்ந்து சாப்பிட ஆரம்பித்தேன்.

"ஏட்டி, எந்திரிச்சு வா. எழுதிருக்கான்லா" என்றார் ரோட்டிலிருந்து.

"நானுந்தான் பத்திரத்துல எழுதி வச்சிருக்கேன். நீங்க இங்க வாங்க. அப்பளம் நமுத்துப் போவுது."

அவர் வரவில்லை. நான் முழுதும் சாப்பிட்டு முடித்துவிட்டுத்தான் எழுந்தேன்.

விஷயம் இதுதான். எங்கள் வரிசை மனைகள் எல்லாம் ஏரிப் புறம்போக்கில் வருகின்றன என்று மாநில ரெவின்யூ அலுவலகம் சொன்னது. இல்லை, பட்டா நிலத்தில்தான் வருகின்றன, புறம்போக்கு எங்களுக்குப் பின்னால்தான் தொடங்குகிறது என்று நாங்கள் சொன்னோம். வரிசைக்கே ஒரு போர்டு. அது எங்கள் மனையில். எனவே வரிசைக்காரர்கள் சேர்ந்து சிவில் கோர்ட்டில் வழக்குப் போட முடிவு செய்தபோது, முதல் வாதி நீங்கள்தான் என்று இவரைப் பிடித்துக்கொண்டார்கள்.

இவர் வீட்டுக்கு வந்து என் முன்னால் நின்றார். "சர்க்கார் மேலயா கேஸு?" என்று என்னிடம் கேட்டார். ஏதோ பெற்ற தகப்பன்மேல் வழக்குப் போடச் சொன்னதுபோல.

"உங்களுக்குச் சம்பளம் குடுக்கிறது மத்திய சர்க்கார். போர்டு வச்சது மாநில சர்க்கார். வேற வேற" என்றேன்.

"ரெண்டும் சர்க்கார்தான" என்றார். ஆனாலும் கையெழுத்துப் போட்டார். போடுவதற்கு முன் ஆபீஸில் தகவல் கொடுத்து அனுமதியும் வாங்கிக்கொண்டார். அந்த அனுமதி தேவையே இல்லை என்று அங்கேயே சொன்னார்களாம்.

எங்களுக்கு வாய்த்த வக்கீல் செகந்திராபாத்தில் பிறந்து வளர்ந்த தமிழ்ப் பெண். கண்டோன்மென்ட் காலத்தில் வந்து குடியேறிய குடும்பம். அவர் பேசுகிற தமிழுக்குள் தெலுங்கும் ஹிந்தியும் சொந்த வீடுபோல வந்து போகும். "டென்ஷன் நக்கோ மா. டாக்குமெண்ட்ஸ் எல்லாம் ஸ்ட்ராங்கா கீது" என்று, கவலை வேண்டாம் என்பதை முதல் நாளே தன் பாஷையில் சொல்லிவிட்டார். எனக்கு அவரை உடனே பிடித்துவிட்டது. கோர்ட்டும், தீர்ப்பு வரும்வரை இரண்டு தரப்பும் எதையும் கட்டவோ இடிக்கவோ கூடாது, உள்ளது உள்ளபடி இருக்க வேண்டும் என்று உத்தரவு போட்டது. இந்த உத்தரவை மட்டும் வாசகர் கொஞ்சம் ஞாபகத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

கோர்ட் அனுப்பிய கமிஷனர் முன்னிலையில் அளவெடுத்தார்கள். இரண்டு தரப்பும் வெயிலில் நின்றோம். பக்கத்து மனைக்காரர் ஹைதராபாத் பழைய நகரத்துக்காரர், செருப்புக் கடை வைத்திருப்பவர். எல்லாருக்கும் மிர்ச்சி பஜ்ஜியும் டீயும் வரவழைத்தார். அரசுத் தரப்பு ஆட்களுக்கும் சேர்த்துத்தான். பஜ்ஜி காரத்தில் எதிரும் புதிருமாக நின்றவர்கள் எல்லாரும் ஒரே மாதிரி மூக்கை உறிஞ்சினார்கள். எல்லைக் கோடு எங்கள் வரிசைக்குப் பின்னால்தான் ஓடுகிறது என்று கமிஷனர் அறிக்கை கொடுத்தார். இனி வீடு நம்முடையதுதான் என்று எனக்கு ஒரே குஷி.

இவரைக் கணக்கில் சேர்க்காமல் குஷிப்பட்டது என் தப்பு.

அந்தக் கோடையில் ஒரு மாலை பேய்மழை அடித்தது. மறுநாள் காலை காலனி வாட்ஸ்அப் குழுவில் ஒரே கொண்டாட்டம். போர்டு சாய்ந்துவிட்டது! ஒருவர் பட்டாசுப் படம் போட்டார். ஒருவர் கைகூப்பினார். நான்கூட ஒரு லட்டுப் படம் போட்டேன். இவர் ஒன்றும் போடவில்லை. ஞாயிற்றுக்கிழமை வந்ததும், "மனையப் பாத்துட்டு வருவோமா?" என்றார். நானும் வழக்கம்போலப் புளியோதரை கிளறினேன். போய் இறங்கிய பிறகுதான் கார் டிக்கியைத் திறந்தார். உள்ளே சிமெண்ட், ஜல்லி, கடப்பாரை, கரணை, ரசமட்டம்.

"என்னத்துக்கு இதெல்லாம்?"

"போர்டு தண்ணில கெடக்கு பாரு. துரு பிடிச்சிரும்லா."

"பிடிக்கட்டுமே! நம்ம நெலத்தப் பறிக்க வந்த போர்டு. அதுக்கு நீங்க வைத்தியம் பாக்கணுமாக்கும்?"

அப்போது அவர் நிதானமாக, பாடம் சொல்லுகிறமாதிரி சொன்னார். "கோர்ட்டு என்ன சொல்லிருக்கு? உள்ளது உள்ளபடி இருக்கணும்னு சொல்லிருக்கு. அன்னைக்கு போர்டு நின்னுட்டுத்தான இருந்துச்சு? அப்போ நிக்கணும்."

நான் தலையில் அடித்துக்கொண்டேன். அவர் குழி தோண்டினார். சிமெண்ட் குழைத்தார். கடைசியில், சொன்னால் வெட்கக்கேடு, போர்டைச் சாயாமல் பிடித்துக்கொண்டு நின்றவளும் நான்தான். கணவன் தனியாகத் தகரத்தோடு மல்லுக்கட்டும்போது எத்தனை நேரம் வேடிக்கை பார்ப்பது? அவர் ரசமட்டத்தை வைத்துப் பார்த்து, "ஒரு நூலு இந்தப் பக்கம்" என்றார். நானும் தள்ளினேன்.

அந்த நேரம் பார்த்துச் செருப்புக் கடைக்காரர் ஸ்கூட்டரில் வந்து இறங்கினார். கண்ணை நம்பாமல் கொஞ்ச நேரம் நின்றார். "க்யா சாப்! கைக்கு? கைக்கு ஐசா கரே?" என்று ஏன், ஏன் என்று கேட்டபடியே போனை எடுத்து ஒரு படம் பிடித்தார். போனை வாசலிலேயே ஒப்படைத்துவிட்டு உள்ளே போகிற வேலை இவருடையது. இத்தனை வருடத்தில் வேலை சம்பந்தமாக இவரை யாரும் ஒரு படம் எடுத்ததில்லை. அப்படிப்பட்டவர் கரணையும் கையுமாக, ஒரு திருப்திச் சிரிப்போடு, அரசு நிலம் என்ற எழுத்துக்குக் கீழே நின்று போஸ் கொடுத்திருந்தார். படம் குழுவுக்குப் போனது. குழுவிலிருந்து எங்கெங்கோ போய், கடைசியில் அரசு வக்கீலின் கோப்புக்குள் போய்ச் சேர்ந்தது.

எங்கள் வக்கீல் போனில் கத்தியது பக்கத்து அறையிலிருந்த எனக்கே கேட்டது. "என்னா சார் இது? சொந்தக் காசுல சூனியம் வெச்சிக்கிறதுன்னா இதான் சார்! நெலம் அவங்களுதுன்னு நீங்களே ஒத்துக்கினு போர்டு நட்ட மாதிரி ஆயிடிச்சே. அளந்த ரிப்போர்ட் நம்ம பக்கம் இருந்தும் இப்போ கேஸ் ஆடுது சார்."

வரிசைக்காரர்கள் இவரோடு பேசுவதைக் குறைத்துக்கொண்டார்கள். ஓய்வு பெறும் நாள் நெருங்கிக்கொண்டிருந்தது. எதற்கும் இருக்கட்டும் என்று குகட்பள்ளிப் பக்கம் ஒரு வாடகை வீடு விசாரித்தேன். எங்கள் மகளுக்கு ஐடி கம்பெனி வேலை, அவளும் அந்தப் பக்கம்தான் இருந்தாள். வீட்டுக்காரம்மா அட்வான்ஸைப் பற்றிப் பேசுமுன்னே சொன்ன முதல் வார்த்தை, "கோடகு மேகுலு கொட்டகூடது." சுவரில் ஆணி அடிக்கக்கூடாது. போனை வைத்துவிட்டு அடுக்களையில் போய் நின்று அழுதேன். வழக்கு தொடங்கியதிலிருந்து நான் அழுதது அந்த ஒரு தடவைதான். இவர் வந்து எட்டிப் பார்த்தார். ஏன் என்று கேட்கவில்லை. ஆணி விஷயத்தை அன்றைக்குத்தான் முதன்முதலாக வாய்விட்டுச் சொன்னேன். "உங்க போர்டு நல்லா நிக்கி. என் போட்டோதான் பிரிட்ஜ் மேல கெடக்கு." அவர் தரையைப் பார்த்தார். எனக்கே ஒரு மாதிரி ஆகிவிட்டது.

சாட்சிக் கூண்டில் அவர் ஏறிய நாள் நான் கடைசிப் பெஞ்சில் செருப்புக் கடைக்காரர் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். படம் பிடித்த பாவத்துக்கு அவர் வாய்க்குள் துவா சொல்லிக்கொண்டிருந்தார். நான் என் பங்குக்குப் பிள்ளையாரைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன். அரசு வக்கீல் தெலுங்கில் கேட்டார். இவர் பாதி தெலுங்கிலும் பாதி இங்கிலீஷிலும் பதில் சொன்னார். எனக்குப் புரிந்தவரை தமிழில் எழுதுகிறேன்.

"என்ன வேலை பார்க்கிறீர்கள்?"

"மத்திய அரசுப் பணி."

"அங்கே என்ன செய்கிறீர்கள்?"

"அதைச் சொல்ல முடியாது."

கோர்ட்டில் சிரிப்பு கிளம்பியது. நீதிபதியும் சிரித்தார். "வேண்டாம், சொல்ல வேண்டாம், அடுத்த கேள்விக்குப் போங்கள்" என்றார். அரசு வக்கீல் அந்தப் படத்தை எடுத்து நீட்டினார்.

"இது நீங்கள்தானே?"

"ஆமாம்."

"விழுந்த போர்டைத் திரும்ப நட்டது நீங்கள்தானா?"

"ஆமாம்."

"அதில் எழுதியிருப்பதைப் படித்தீர்களா?"

"படித்தேன். அரசு நிலம் என்று இருக்கிறது."

"அதைப் படித்துவிட்டுத்தான் குழி தோண்டி, சிமெண்ட் போட்டு, நேராக இருக்கிறதா என்று ரசமட்டமும் வைத்துப் பார்த்திருக்கிறீர்கள். அப்படியானால் நிலம் அரசுடையது என்று ஒப்புக்கொண்டுதானே செய்தீர்கள்?"

எங்கள் வக்கீல் கண்ணை மூடிக்கொண்டார். இவர் கொஞ்சம்கூடப் பதறவில்லை. போர்டை நடும்போது எனக்குப் பாடம் சொன்ன அதே நிதானத்தோடு சொன்னார்.

"போர்டு அரசுடையது. நிலம் என்னுடையது. அரசுப் பொருள் என் நிலத்தில் விழுந்து கிடக்கிறது. நான் பார்க்காமல் வேறு யார் பார்ப்பார்கள்?"

நீதிபதி எழுதுவதை நிறுத்தினார். அரசு வக்கீலைப் பார்த்து, போர்டு விழுந்த பிறகு உங்கள் தரப்பிலிருந்து யாராவது போய்ப் பார்த்தார்களா என்று கேட்டார். அரசு வக்கீல் பின்னால் நின்ற ரெவின்யூ ஆளைப் பார்த்தார். அவர் தன் ஷூவைப் பார்த்தார். யாரும் போகவில்லை. போர்டு வைத்த அன்று வந்ததுதான், பிறகு அளவெடுக்க வந்ததுதான். அப்போது எங்கள் வக்கீல் எழுந்து ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"நீங்கள் குழி தோண்டியபோது யாராவது தடுத்தார்களா?"

"என் மனைவி தடுத்தார். வேறு யாரும் தடுக்கவில்லை."

மறுபடியும் சிரிப்பு. செருப்புக் கடைக்காரர் என் பக்கம் திரும்பி, "ஹவ் பாபி, ஹவ்" என்று ஆமோதித்தார். நீதிபதி எதையோ சொல்லச் சொல்ல டைப் அடித்தார்கள். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. வெளியே வராந்தாவுக்கு வந்ததும் எங்கள் வக்கீல் என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார்.

"புரிஞ்சிச்சா மா? நெலம் யார் கையில கீதுன்னுதான் கோர்ட் கேக்குது. போர்ட வெச்சவங்க திரும்பிக்கூட பாக்கலே. சார் பாட்டுக்கு உள்ள போறாரு, குழி தோண்றாரு, சிமெண்ட் போடறாரு, கேக்க ஆளே இல்லே. அவங்க போட்டோவே நம்ம சாட்சி மா இப்போ!" சொல்லிவிட்டு இவர் பக்கம் திரும்பி, "ஆனா இன்னொரு தபா இப்பிடி செய்யாதீங்க சார், கைகூப்பி கேக்கறேன்" என்றார். இவர் எதற்குத் திட்டு விழுகிறது என்று தெரியாதவர்போல நின்றார்.

இவருடைய பணியின் கடைசி வருடத்தில் தீர்ப்பு வந்தது. எல்லைக் கோட்டைப் பொறுத்தவரை கமிஷனரின் அளவு சரி. நிலமும் வாதிகளின் கையில்தான் இருந்துவந்திருக்கிறது. அரசின் போர்டையே முதல் வாதிதான் பராமரித்திருக்கிறார் என்று ஒரு வரி அதில் இருந்தது. அந்த வரியை இவர் எனக்குப் பலமுறை படித்துக் காட்டினார், ஏதோ பதக்கம் கிடைத்ததுபோல. அப்பீல் வரும், வரும் என்று பயந்துகொண்டே காத்திருந்தோம். வரவில்லை. வரிசைக்காரர்கள் இவருக்குச் சால்வை போர்த்தினார்கள். பேசாமல் இருந்தவர்கள்தான் முதலில் வந்து போர்த்தினார்கள்.

போர்டைப் பிடுங்கிப் போடலாம்தானே? இவர் விடவில்லை. "அவங்க பொருளு. அவங்கதான் வந்து எடுத்துட்டுப் போணும்" என்று ரெவின்யூ அலுவலகத்துக்கு எழுதிப்போட்டார். ஒரு பதிலும் இல்லை. ஹாலில் நின்ற போர்டை மட்டும், கோர்ட் உத்தரவு முடிந்துவிட்டதால், பத்திரமாகப் பெயர்த்து வாசல் ஓரத்தில் மறுபடியும் சிமெண்ட் போட்டு நட்டார். ரசமட்டம் வைத்துத்தான். அதற்குப் பின்னால் வீடு எழுந்தது. செங்கல் லாரிக்காரர் போன் செய்து, "இக்கட கவர்மெண்ட் ஜமீன் அனி போர்டு உந்தி, மீ இல்லு எக்கட?" என்பார், இங்கே அரசு நிலம் என்றல்லவா போர்டு இருக்கிறது, உங்கள் வீடு எங்கே என்று. அதுதான் எங்கள் வீடு என்பேன். நாளாக ஆக அதுவே அடையாளமாகிவிட்டது. போர்டு வீடு என்றால் ஆட்டோ நேராக வந்து நிற்கும். வெட்கமாக இருக்கிறது என்று மகளிடம் புலம்பினால், தமிழ் நன்றாகப் புரிந்தாலும் தெலுங்கில்தான் அவளுக்குப் பதில் வரும். "நான்னா மாரரு அம்மா." அப்பா மாறமாட்டார், அவ்வளவுதான்.

கிரகப்பிரவேசத்துக்கு முந்தின வாரம் ஒரு டிராலி ஆட்டோவில் ரெவின்யூ அலுவலக ஆள் ஒருவர் போர்டை எடுக்க வந்து சேர்ந்தார். போர்டு அசையவே இல்லை. இவர்தான் கடப்பாரை கொடுத்தார், டீ கொடுத்தார், கூட நின்று தோண்டினார். ஏற்றி முடித்ததும், நல்ல நிலையில் பெற்றுக்கொண்டேன் என்று ஒரு தாளில் எழுதிக் கையெழுத்து வாங்கினார். அந்த மனிதர் சிரித்துக்கொண்டே போட்டுக் கொடுத்துவிட்டுப் போனார்.

குவார்ட்டர்ஸைக் காலி செய்த அன்று, சுவர் பார்க்க வந்த ஆள் ஒவ்வொரு அறையாகத் தடவிப் பார்த்துவிட்டு, ஒரு ஓட்டைகூட இல்லையே என்று அதிசயப்பட்டார். இவர் என் பக்கம் பெருமையாகத் திரும்பினார். நான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டேன்.

புது வீட்டுக்கு வந்த மறுநாள் காலை, அவர் செடிக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தபோது, நான் ஸ்டூலைப் போட்டு ஹால் சுவர் முன்னால் ஏறினேன். போர்டு முதலில் நின்ற அதே இடத்துக்கு நேரே உள்ள சுவர். எனக்கு ஆணி அடித்துப் பழக்கமே இல்லையே. முதல் அடி விரலில் விழுந்தது. இரண்டாவது அடியில் ஒரு கை அகலத்துக்குப் பூச்சு பெயர்ந்து தரையில் கொட்டியது. சத்தம் கேட்டு அவர் ஓடிவந்தார். சுவரைப் பார்த்தார். முகம் வெளுத்துவிட்டது.

"ஐயையோ, என்னட்டி பண்ணிட்ட? காலி பண்ணும்போது..."

அத்தோடு நின்றுவிட்டார். சுவரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், மறுபடியும் சுவரைப் பார்த்தார். நானும் ஸ்டூல் மேலே சுத்தியலோடு அசையாமல் நின்றேன். வெளியே குழாயில் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது.

பிறகு அவர் உள்ளே போய், ஆணி டப்பாவோடு கல்யாண போட்டோவையும் எடுத்துவந்தார். சட்டத்தைத் தன் சட்டை நுனியால் துடைத்தார்.

"அது சின்ன ஆணி, தாங்காது" என்றார். "பெருசா ஒண்ணு அடி."